முதற்படமும் வழிப்படமும்: போலி ஒளிப்படங்களும் தமிழ்த்துறைகளின் மௌனமும்

மும்பைப் பெருநகருக்கு வெளியே, தாணே மாவட்டத்து அம்பர்நாத்தில் சிலாகாரர் காலத்துச் சிவன் கோயில் ஒன்று உள்ளது. அதன் வடவாயிலில் பொறிக்கப்பட்ட கல்வெட்டைப் படித்த பாவு தாஜி, அதில் கண்ட ஆண்டைச் சக 782 எனக் கொண்டார். அது கி.பி. 860 ஆகும். பின்னர் அதே கல்வெட்டை ஆராய்ந்த பகவான்லால் இந்திராஜி, அவ்வெண் 982 என்று காட்டினார். அது கி.பி. 1060. ஓர் இலக்கத்தின் வடிவத்தில் நேர்ந்த மயக்கம் ஒரு கோயிலை இருநூறாண்டு மூப்பாக்கியிருந்தது. பாவு தாஜியைப் பொய்யர் என எவரும் தூற்றவில்லை; இந்திராஜியைக் கோயிலின் பழமையைக் குறைத்த பகைவர் என எவரும் ஏசவில்லை. கல் மீண்டும் படிக்கப்பட்டது, ஆண்டு திருந்தியது. மறுபடிப்பு என்னும் செயல் அத்துணை எளியது, அத்துணை அமைதியானது.

அதே அம்பர்நாத்தில் படைக்கலத் தொழிற்சாலையையும் பிற ஆலைகளையும் நம்பி வந்து குடியேறிய பல மாநிலத்தாருள் தமிழரும் உள்ளனர். மாட்டுங்காவுக்கும் தாராவிக்கும் வேலைக்குச் செல்வோரின் ஒரு மணி நேரத்துக்கும் மேலான புறநகர்த் தொடர்வண்டிப் பயணத்தில், கையிலிருக்கும் கைப்பேசியே நூலகம், செய்தித்தாள், திண்ணை எல்லாம். தமிழ்நாட்டு நடிகை ஒருவரைப் பற்றிய பொய்ப்படம் அங்கே இந்திக் குறிப்போடு வரும். மராத்திக் குறிப்போடும் வரும். தமிழில் வரும்போது அதனுடன் ஒரு கண்டனமும் ஒட்டிக்கொண்டிருக்கும். அது பொய் என்னும் மறுப்போ பெரும்பாலும் ஆங்கிலத்தில் எழுதப்பட்டு, அவ்வண்டியில் ஏறாமலே நின்றுவிடும்.

இம்மறுப்பைத் தமிழில் எழுத வேண்டியவர் யார் என்னும் வினாவுக்குத் தமிழ் ஆய்வுலகில் வழங்கும் விடை ஒன்றே: அது கணிப்பொறியாளர் வேலை, காவல்துறையின் வேலை, மிஞ்சினால் இதழியலாளர் வேலை, ஏட்டுச்சுவடியும் இலக்கணமும் பயில்வோர்க்கு அதில் பங்கில்லை. இவ்விடை தவறானது. தவறானது மட்டுமன்று, தமிழ்த்துறைகள் தம் கையிலுள்ள கருவியைத் தாமே அறியாதிருப்பதன் சான்றும் ஆகும்.

வதந்தியின் தமிழ் வரலாறு

புகழ்பெற்றோர் பற்றிய பொய் இணையத்தோடு பிறந்ததன்று. 1943இல் சி. என். இலட்சுமிகாந்தன் 'சினிமா தூது' என்னும் இதழைத் தொடங்கி, திரைப்படக் கலைஞர்களின் அந்தரங்கம் என்ற பெயரில் எழுதலானார். எழுதாதிருக்கப் பணம் பெற்றார் என்பது அவர்மீது சாற்றப்பட்ட குற்றம். கலைஞர்கள் ஆளுநர் ஆர்தர் ஹோப்பிடம் முறையிட, இதழின் உரிமம் பறிக்கப்பட்டது. அவர் 'இந்து நேசன்' என்னும் வேறோர் இதழின் வழியே தொடர்ந்தார். 1944 நவம்பர் 8ஆம் நாள் சென்னை வேப்பேரியில் கத்தியால் குத்தப்பட்டு மறுநாள் இறந்தார். எம். கே. தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் தண்டனை பெற்றுச் சிறை சென்று, இலண்டன் பிரிவி கவுன்சில் வரை வழக்குச் சென்ற பின் 1947இல் விடுதலையாயினர். விடுதலைக்குப் பின் பாகவதரின் திரைவாழ்வு பழைய நிலைக்கு மீளவில்லை.

இவ்வழக்கைப் பேசுவோர் பெரும்பாலும் கொலை செய்தவர் யார் என்றே கேட்கின்றனர். ஆய்வாளன் கேட்க வேண்டியது வேறொன்று: அவ்விதழ்களை விலை கொடுத்து வாங்கியவர் யார்? வாங்கியோர் அனைவரும் எழுதியதை நம்பினர் என்பதற்கில்லை. 'நெருப்பில்லாமல் புகையுமா' என்ற அரைநம்பிக்கையே போதுமானதாயிற்று. வதந்தி முழுநம்பிக்கையைக் கோருவதில்லை. மறுத்துப் பார்க்கும் சோம்பலைத்தான் கோருகிறது.

ஒளிப்படம் இவ்வரலாற்றில் நுழையும் இடம் கூர்ந்து நோக்கத்தக்கது. 1967 சனவரி 12இல் சுடப்பட்ட எம். ஜி. ஆர். கழுத்தில் கட்டுடன் காணப்பட்ட படம் அவ்வாண்டுத் தேர்தலில் சுவரொட்டியாயிற்று. அது மெய்ப்படம். 1984இல் அவர் நியூயார்க் நகரின் புரூக்ளின் மருத்துவமனையில் இருந்தபோது, உயிருடன் இல்லை என்ற பேச்சை முறியடிக்க அவருடைய நிகழ்படம் ஊர்தோறும் காட்டப்பட்டது. அதுவும் மெய்யே. இவ்விரண்டு நிகழ்ச்சியும் தமிழ்நாட்டு வாசகருக்கு ஒரு பாடத்தைக் கற்பித்தன: படம் வந்தால் உண்மை. அந்தப் பாடத்திற்கு 2016இல் பெருவிலை கொடுக்க நேர்ந்தது.

அவ்வாண்டு செப்டம்பர் 22இல் முதலமைச்சர் ஜெயலலிதா மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். டிசம்பர் 5இல் மறையும் வரை எழுபத்தைந்து நாள் அவருடைய படம் ஒன்றுகூட வெளியிடப்படவில்லை. படம் இல்லாத அந்த வெற்றிடத்தில் பொய்ப்படங்கள் குடியேறின. வேறெங்கோ ஒரு மருத்துவமனைப் படுக்கையில் கிடந்த யாரோ ஒருவர் முதலமைச்சர் எனப்பட்டார். வதந்தி பரப்பியதாகச் சிலர் கைது செய்யப்பட்டனர், வதந்தி குறையவில்லை. டிசம்பர் 5 மாலையில், இறப்பு அறிவிக்கப்படுவதற்குச் சில மணி நேரம் முன்பே தொலைக்காட்சிகள் சில இறந்ததாகச் செய்தி வெளியிட்டன. கட்சி அலுவலகக் கொடி இறக்கப்பட்டு, மருத்துவமனை மறுத்ததும் மீண்டும் ஏற்றப்பட்டது. பின்னர் 2017 டிசம்பர் 20இல், ஆர். கே. நகர் இடைத்தேர்தலின் முதல்நாள், அவர் படுக்கையில் பழச்சாறு அருந்தும் நிகழ்படம் ஒன்று வெளியிடப்பட்டது. அப்போது நிகழ்ந்தது கவனிக்கத்தக்கது: ஓராண்டுக்கும் மேலாகப் பொய்ப்படத்தை நம்பியோர் பலர், இப்படத்தை ஐயுற்றனர். எது எப்போது எடுக்கப்பட்டது, எவர் கையிலிருந்து வந்தது, ஏன் அந்நாளில் வந்தது என்ற வினாக்களை முறையாக எழுப்பும் பயிற்சி இல்லாதபோது, நம்பிக்கையும் ஐயமும் ஒன்றுபோலவே குருடாகின்றன. படம் தராத ஆட்சியாளர்க்கும் இதில் பங்குண்டு என்பதை மறைத்துவிட்டு, அனுப்பிய பாமரரை மட்டும் குற்றவாளியாக்குவது நேர்மையன்று.

முதலும் வழியும்

தொல்காப்பிய மரபியல் நூலை முதல், வழி என இருவகைப்படுத்தும்; வழிநூலைத் தொகுத்தல், விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்த்தல் என நால்வகையாக்கும். இது மாணவர் அனைவரும் மனப்பாடம் செய்து தேர்வில் எழுதி மறப்பது. கைப்பேசியில் வரும் படத்துக்கும் முதலும் வழியும் உண்டு என்பதையும், வெட்டுதல், ஒட்டுதல், தலைப்பு மாற்றுதல், குரல் மாற்றுதல் என வழிப்படத்துக்கும் வகைகள் உண்டு என்பதையும் எத்தனை வகுப்பறைகள் சொல்லித் தருகின்றன?

2023 நவம்பர் தொடக்கத்தில் நடிகை ராஷ்மிகா மந்தனா மின்தூக்கி ஒன்றினுள் நுழைவதாகக் காட்டும் நிகழ்படம் பரவியது. அது டீப்ஃபேக் எனப்படும் ஆழ்போலி. முதற்படத்தில் இருந்தவர் சாரா பட்டேல் என்னும் பிரிட்டிஷ் இந்தியப் பெண். அவர் அதை முந்தைய மாதம் தம் இன்ஸ்டாகிராம் பக்கத்தில் வெளியிட்டிருந்தார். ஆல்ட் நியூஸ் உண்மை சரிபார்ப்புத் தளத்தைச் சேர்ந்த இதழாளர் ஒருவர் முதற்படத்தையும் போலியையும் அருகருகே வைத்துக் காட்டினார். அப்பெண் உள்ளே நுழையும் முதற்கணத்தில் அவருடைய சொந்த முகம் தெரிந்து, உடனே நடிகையின் முகமாக மாறுகிறது. ஏடெழுதுவோன் ஓரிடத்தில் அயர்ந்து மூலத்தின் சொல்லை அப்படியே விட்டுவிட, அதைக் கொண்டு இடைச்செருகல் பிடிபடுவதற்கும் இதற்கும் வேறுபாடு இல்லை. அதைக் கண்டுபிடிக்க மின்னணுவியல் பட்டம் தேவைப்படவில்லை. இரு பிரதிகளை ஒப்புநோக்கும் பொறுமை தேவைப்பட்டது. அடுத்த சனவரியில் தில்லிக் காவல்துறை ஆந்திரத்தில் ஓர் இளைஞரைக் கைது செய்தது. அந்நடிகையின் ரசிகர் பக்கத்தைப் பின்தொடர்வோர் எண்ணிக்கையைப் பெருக்கவே அவர் இதைச் செய்தார் என்றது காவல்துறை. பகைவன் அல்லன், ரசிகன்.

படத்தைக் கொண்டே படத்தைத் தேடும் வசதி 2008இல் டின்ஐ வழியாகவும் 2011இல் கூகுள் வழியாகவும் பொதுமக்களுக்குக் கிட்டியது. ஒரு படம் இணையத்தில் முன்பு எங்கெங்குத் தோன்றியது என்பதை அது காட்டும். அவற்றுள் மூத்த பிரதியை அறிவதே பாதிப்பணி. வாட்ஸ்அப் வழியாக வழக்கமான முறையில் அனுப்பப்படும் படத்திலிருந்து, எடுக்கப்பட்ட நாள், எடுத்த கருவி முதலிய உட்குறிப்புகள் நீங்கிவிடுகின்றன. முகப்பும் இறுதியும் செல்லரித்த சுவடி போன்றது அது: எழுதியவன் பெயரும் எழுதி முடித்த நாளும் போயின, நடுப்பகுதி மட்டுமே எஞ்சியுள்ளது. அத்தகைய சுவடியைக் கண்டதும் உ. வே. சாமிநாதையரும் சி. வை. தாமோதரம் பிள்ளையும் முதலில் செய்தது வேறு பிரதி தேடியதே. அப்பிரதி கிடைக்கும் வரை ஐயப்பாட்டைக் குறித்து வைத்தனர்.

எனினும் மூத்த பிரதியே மெய்ப்பிரதி என்று கருதுவதும் பேதைமை. 2024 பிப்ரவரி 2இல் மும்பை நடிகை பூனம் பாண்டே கருப்பைவாய்ப் புற்றுநோயால் இறந்ததாக அவருடைய சொந்தப் பக்கத்திலேயே அறிவிப்பு வந்தது. ஊடகங்கள் பல அதைச் செய்தியாக்கின. மறுநாள் அவரே தோன்றி, நோய் பற்றிய விழிப்புணர்வுக்காகச் செய்ததாகக் கூறினார். இங்கே முதனூலே பொய். ஒற்றைப் பிரதியை நம்பி நூலை அச்சேற்றும் பதிப்பாசிரியனுக்கு நேரும் இடர் இதுவே. மருத்துவமனை எது, உடல் எங்கே, உறவினர் யார் என்ற இரண்டாம் சான்றை அன்று தேடியோர் மிகச் சிலர். அதற்கு முந்தைய மாதம் சச்சின் டெண்டுல்கரின் உண்மையான உருவத்துக்குப் பொய்க்குரல் பொருத்தி விளையாட்டுச் செயலி ஒன்றுக்கு விளம்பரம் செய்யப்பட்டது; அவரே அதைச் சுட்டிக்காட்ட, மும்பைக் காவல்துறை வழக்குப் பதிந்தது. பாட்டு ஒருவருடையது, உரை வேறொருவருடையது என்பதுபோல, படமும் குரலும் தனித்தனியே சோதிக்கப்பட வேண்டியவை.

தலைப்பு மட்டும் பொய்யாவதே அனைத்திலும் மிகுதி, அனைத்திலும் மலிவு. மும்பைத் தமிழர் இதைக் கணிப்பொறி வருமுன்பே பட்டறிந்தவர். 1960களில் பால் தாக்கரேயின் 'மார்மிக்' இதழ் அலுவலகங்களில் பணிபுரிந்த தென்னிந்தியரின் பெயர்களைப் பட்டியல் பட்டியலாக வெளியிட்டது. பெயர்கள் மெய், ஒவ்வொன்றும் ஒரு மராத்தியரின் வேலையைப் பறித்ததற்குச் சான்று என்ற மேல்தலைப்பே பொய். பெயர்ப்பட்டியலை எவ்வளவு சரிபார்த்தாலும் அப்பொய் பிடிபடாது.

அறிஞரும் ஏமாறுவர்

பொய்ப்படத்தை நம்புவோர் கல்லாதவர் என்ற இறுமாப்பு பல்கலைக்கழகங்களில் பரவலாக உண்டு. இன்னிலையின் வரலாறு அவ்விறுமாப்புக்குத் தக்க மருந்து. பதினெண்கீழ்க்கணக்கின் இறுதி நூல் எனக் கருதி இன்னிலையை உரையெழுதிப் பதிப்பித்தவர் வ. உ. சிதம்பரனார். அவருடைய நேர்மையை எவரும் ஐயுற இயலாது, தமிழறிவும் குறைந்ததன்று. ஆயினும் அந்நூல் பிற்காலத்தார் புனைந்த போலி என்று அறிஞர் பலர் ஒதுக்கினர், இ. வை. அனந்தராமையர் பதிப்பித்த கைந்நிலையே அவ்விடத்துக்கு உரியது என்பது பெரும்பான்மை முடிபாயிற்று. பழந்தமிழ் நூல் ஒன்று கிடைத்தது என்ற மகிழ்ச்சியே அங்கே கண்ணை மறைத்தது. போலி எப்போதும் வாசகன் விரும்பும் வடிவிலேயே வருகிறது. வெறுக்கும் நடிகையின் இழிவு, போற்றும் தலைவனின் மீள்வருகை, தாய்மொழிக்கு அயல்நாட்டார் சூட்டிய மகுடம் ஆகிய மூன்றும் ஆராயாது ஏற்கப்படுவதன் காரணம் ஒன்றே.

மூன்றாவதைச் சற்று விரித்துரைக்க வேண்டும். ஏனெனில் அதில் தமிழ்த்துறைகளின் கையும் கறைபட்டுள்ளது. 1977இல் விண்ணுக்கு அனுப்பப்பட்ட வாயேஜர் கலங்களின் தங்கத்தட்டில் 55 மொழிகளின் வாழ்த்துகள் உள்ளன. தெலுங்கும் கன்னடமும் மராத்தியும் அவற்றுள் உண்டு, தமிழ் இல்லை. திருநள்ளாற்றுக்கு மேலே செயற்கைக்கோள்கள் சில நொடி செயலிழக்கின்றன என்று நாசா கண்டறிந்ததாகக் கூறப்படுவதற்கும் ஆதாரம் எதுவும் இல்லை. இவை போன்றவை கருத்தரங்க மேடைகளில் கைதட்டலுடன் ஒலிக்கின்றன. அவையில் அமர்ந்திருக்கும் பேராசிரியர் எழுந்து 'முதனூல் யாது' எனக் கேட்பதில்லை. கேட்டால் என்ன நேரும் என்பதற்கு ச. வையாபுரிப்பிள்ளையின் வாழ்வு எடுத்துக்காட்டு. நூல்களின் காலத்தைப் பின்தள்ளிய அவருடைய முடிபுகளுள் பல மறுக்கத்தக்கவை, மறுக்கவும் பட்டன. ஆயின் அவர் பெற்ற வசை, முடிபுக்காக மட்டுமன்று, கேள்வி கேட்டதற்காகவும்.

கல்வெட்டுத் துறையினர் இவ்வகையில் துணிவுடையோர். ஃபிளீட் 1901இல் இந்தியன் ஆன்டிகுவாரியில் போலிப் பட்டயங்களைத் தொகுத்து ஒரு பட்டியலே வெளியிட்டார். நிலவுரிமை கோரிப் பிற்காலத்தார் முற்கால அரசன் பெயரில் பொறித்துக்கொண்ட செப்பேடுகள், எழுத்தமைதி காலத்துடன் பொருந்தாமையாலும், கிழமையும் திதியும் கணக்குக்கு ஒவ்வாமையாலும் காட்டிக்கொடுத்துவிடுகின்றன. ஆழ்போலியில் காதணி ஒரு பக்கம் மறைவதும், உதடும் ஒலியும் பிணங்குவதும், கோடைப்படத்தில் மாரிக்கால நிழல் விழுவதும் அதே இனத்தைச் சார்ந்த அகச்சான்றுகளே.

விலை கொடுப்போர்

இவையெல்லாம் நடிகையர் பற்றிய வம்பு, ஆய்வேட்டுக்கு உரியவையா என்று கேட்போர் உளர். புகழ்பெற்றோர் தம்மைக் காத்துக்கொள்ள வழியுண்டு. தம் பெயரையும் பாணியையும் காக்க ரஜினிகாந்த் 2015இல் சென்னை உயர்நீதிமன்றத்திலும், அனில் கபூர் 2023இல் தில்லி உயர்நீதிமன்றத்திலும், பாடகர் அரிஜித் சிங் 2024இல் பம்பாய் உயர்நீதிமன்றத்திலும் தடையாணை பெற்றனர். நடிகையர் முகத்தில் பழகிய கை அடுத்துத் தீண்டுவது நீதிமன்றம் செல்ல இயலாத பெண்ணின் முகத்தை. 2016 ஜூனில் சேலம் மாவட்டத்து இளம்பெண் ஒருவர், தம் முகம் ஒட்டப்பட்ட ஆபாசப் படங்கள் ஃபேஸ்புக்கில் வெளியானதால் தம் உயிரை இழந்தார். காவல்துறையின் காலத்தாழ்வைக் குடும்பத்தார் குற்றஞ்சாட்டினர். ஆயினும் அவர் எழுதிவைத்ததாக வெளிவந்த செய்தியில் நெஞ்சை அறுப்பது வேறு: பெற்றோரே தம்மை நம்பவில்லையே என்ற வருத்தம். படத்துக்கும் மகளுக்கும் இடையே வழக்கு நடந்தது, படம் வென்றது. 'படம் பொய் சொல்லாது' என்ற கருத்தை அவ்வீட்டுக்குள் கொண்டு சென்றது எந்தக் கயவனும் அல்லன். கல்வி என்ற பெயரில் எதையும் மறுபடிக்கக் கற்பிக்காத நம் பள்ளிகளும் கல்லூரிகளும்தாம்.

2018இல் குழந்தை கடத்துவோர் பற்றிய நிகழ்படங்கள் பரவின. அவற்றுள் ஒன்று, குழந்தைகளைக் காக்க வேண்டும் என்பதை உணர்த்தக் கராச்சியில் எடுக்கப்பட்ட விழிப்புணர்வுப் படம். அதை உணர்த்தும் இறுதிப்பகுதி வெட்டி நீக்கப்பட்டிருந்தது. அம்மே மாதம் திருவண்ணாமலை மாவட்டம் அத்திமூரில், குலதெய்வக் கோயிலுக்குச் சென்ற வழியில் குழந்தைகளுக்கு இனிப்புக் கொடுத்த மூதாட்டி அடித்துக் கொல்லப்பட்டார். சூலை 1இல் மகாராட்டிரத்துத் துளே மாவட்டம் ராயின்பாடாவில் நாடோடி இனத்தார் ஐவர் கொல்லப்பட்டனர். அதே மாதம் வாட்ஸ்அப் நிறுவனம் இந்தியாவில் ஒரு செய்தியை ஒரே வேளையில் ஐந்து பேருக்கு மேல் அனுப்ப இயலாதபடி வரம்பிட்டது. அது வேகத்தைக் குறைத்தது, படிக்கக் கற்பிக்கவில்லை.

அரசே உண்மையை அறிவிக்கட்டும் என்பாரும் உளர். ஒன்றிய அரசு தன்னைப் பற்றிய செய்திகளைப் பொய் என முத்திரையிடும் பிரிவை அமைக்க 2023இல் விதி திருத்தியது. அதனை எதிர்த்து நகைச்சுவைக் கலைஞர் குணால் காம்ரா முதலியோர் தொடுத்த வழக்கில், 2024 சனவரியில் பம்பாய் உயர்நீதிமன்ற நீதிபதிகள் இருவர் மாறுபட்டனர். செப்டம்பரில் மூன்றாம் நீதிபதியின் கருத்துடன் விதி வீழ்ந்தது. தமிழ்நாடு அரசும் 2023இல் தகவல் சரிபார்ப்பகம் ஒன்றை ஏற்படுத்தியது. அவை நன்றும் செய்யலாம், தீதும் செய்யலாம். ஆனால் எழுபத்தைந்து நாள் படம் தராத அரசு என்ற நினைவு இருக்கும்வரை, வழக்கின் ஒரு தரப்பாரே தீர்ப்பாளரும் ஆவதை ஏற்பதற்கில்லை. பொறியே பொறியைப் பிடிக்கும் என்ற நம்பிக்கையும் அத்தகையதே. பிடிக்கும் பொறி திருந்துந்தோறும் ஏய்க்கும் பொறியும் திருந்துகிறது. இனி, அறிவுடைமை அதிகாரத்துக் குறளைச் சுவரில் எழுதி வைத்தால் போதும் என்போர்க்கு ஒன்று கூறலாம்: வள்ளுவர் சொல்லாதவற்றையும் வள்ளுவர் படத்தோடு பரப்புகிறார்கள், அதையும் தமிழாசிரியர்களே பகிர்கிறார்கள்.

மும்பையில் பூம், தமிழில் யூடர்ன் போன்ற அமைப்புகள் சிறு குழுக்களாக நின்று இப்பணியைச் செய்கின்றன. அவர்கள் கையாள்வது மூலபாடத் திறனாய்வே. அப்பெயரை அவர்கள் அறியாதிருக்கலாம். அப்பெயரை அறிந்து, அதற்கெனத் தாள் வைத்து, பட்டமும் வழங்கும் துறைகளோ கைகட்டி நிற்கின்றன. சுவடிப் பதிப்பியல் தாளின் ஐந்து அலகுகளுள் ஒன்றில் ஒளிப்படத்தையும் நிகழ்படத்தையும் பிரதிகளாகக் கொண்டு முதல் தேடும் பயிற்சியைச் சேர்க்கப் புதிய பேராசிரியர் பணியிடம் தேவையில்லை; பாடத்திட்டக் குழுவின் ஒரு கூட்டம் போதும். மாணவர் ஒவ்வொருவரும் பருவத்துக்கு ஒரு பொய்ப்படத்தை எடுத்து, அதன் பிரதிகளைக் கால வரிசையில் நிறுத்தி, எந்த இடத்தில் எவர் எதை மாற்றினர் என்பதை நான்கு பக்கத்தில் தமிழில் எழுதட்டும். அந்த நான்கு பக்கத்தைக் குறுஞ்செய்தி அளவுக்குச் சுருக்குவதும் மதிப்பெண்ணுக்குரிய பணியாகட்டும். மாலை வண்டியில் அம்பர்நாத் திரும்புவோர் படிக்கக்கூடியது அதுவே.